மகனுக்குப் பதினெட்டு ஆகும் ஆண்டின் மார்ச் 31

2023 நவம்பரில் ஒரு சனிக்கிழமை. முடி சுருட்டிக்கொள்ள மாமியார் வழக்கமாகப் போகும் கடைக்கு அவரை அழைத்துப் போயிருந்தேன். கடை இருப்பது நியூ ஜெர்சியில், பாலிசேட்ஸ் பார்க் என்ற சின்ன ஊரில். ஊரில் பாதிக்கு மேல் கொரியர்கள். பிராட் அவென்யூவில் நடந்தால் மளிகைக் கடை, பல் மருத்துவர், வங்கி எல்லாவற்றின் பலகையும் கொரிய எழுத்தில் இருக்கும். மாமியார் தலையைச் சூட்டுக் குமிழுக்குள் கொடுத்துவிட்டுக் கண்ணை மூடியிருந்தார். கடைக்காரம்மா என் மகனைப் பற்றி விசாரித்தார். பதினொன்றாம் வகுப்பு, இந்த மாதம்தான் பதினேழு முடிந்தது என்றேன். உடனே, "இதால் போட்டாச்சா?" என்று கேட்டார். எனக்குப் புரியவில்லை. அவர் கத்தரியைக் கீழே வைத்துவிட்டு, பாதி கொரியனும் பாதி ஆங்கிலமுமாகச் சொன்னார்: "இன்னும் போடலையா? மார்ச் முப்பத்தொண்ணுதான் கடைசி. என் அக்கா பையனுக்கு அப்படித்தான் போச்சு."

மகனின் கொரியக் குடியுரிமையை விடும் மனுவுக்காக அன்று தொடங்கிய அலைச்சல் முடிய ஒன்றரை வருஷத்துக்கு மேல் ஆனது. தனியாக அலைந்தேன். என் கணவர் 2019 ஜூலையில் மாரடைப்பில் போய்விட்டார். கொரிய மொழி எனக்குக் காய்கறி வாங்கும் அளவுக்குத்தான் தெரியும். முன்பே ஒருவர் எச்சரித்திருந்தால் பணத்தை விடுங்கள், என் பிள்ளையை அந்த நாலு மாதம் அப்படிப் படுத்தியிருக்க மாட்டேன். கொரியரை மணந்த தமிழர்கள் நிறைய பேர் இல்லை என்று தெரியும். ஆனாலும் இரண்டு நாட்டுக்கு நடுவில் பிள்ளை வளர்க்கும் எந்த வீட்டுக்கும் இதில் ஏதாவது ஒன்று உதவும்.

எங்கள் வீட்டுக் கதையைச் சொன்னால்தான் மற்றது புரியும். என் கணவர் தென் கொரியாவின் தேகு நகரத்தில் பிறந்தவர். 1982-இல், பதினொரு வயதில், அப்பா அம்மாவோடு இங்கே வந்தார். இப்படிச் சிறுவயதில் வந்தவர்களைக் கொரியர்கள் 'ஒன்றரைத் தலைமுறை' என்பார்கள். முதல் தலைமுறையும் இல்லை, இங்கேயே பிறந்த இரண்டாம் தலைமுறையும் இல்லை. மாமனார் டிரை கிளீனிங் கடை வைத்திருந்தார். அந்தக் காலத்தில் நியூயார்க் பக்கம் வந்த கொரியர்கள் பெரும்பாலும் காய்கனிக் கடை, டிரை கிளீனிங், நகப் பராமரிப்புக் கடை என்று இந்த மூன்றில் ஒன்றில்தான் காலூன்றினார்கள். என்றாவது ஊருக்குத் திரும்பிவிடுவோம் என்ற நினைப்பில் மாமனார் வருஷக்கணக்கில் அமெரிக்கக் குடியுரிமைக்கு விண்ணப்பிக்கவே இல்லை. கணவரும் கிரீன் கார்டிலேயே இருந்துவிட்டார். நான் திருச்சியிலிருந்து 2000-இல் வேலைக்கு வந்தேன், 2003-இல் கல்யாணம், 2006 நவம்பரில் மகன். கணவர் அமெரிக்கக் குடிமகன் ஆனது 2009-இல். 2006, 2009 என்ற இந்த இரண்டு வருஷங்களையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் எங்களைச் சாய்த்தது இதுதான்.

மகன் பிறப்பதற்குச் சில மாதம் முன்பு, அமெரிக்கக் கால்பந்தில் சூப்பர் பவுல் இறுதி ஆட்டத்தின் சிறந்த வீரராக ஹைன்ஸ் வார்டு தேர்வானார். அம்மா கொரியர், அப்பா கறுப்பின அமெரிக்கர். அந்த ஏப்ரலில் அவர் அம்மாவோடு சியோலுக்குப் போனபோது நகரமே வரவேற்றது, கௌரவக் குடியுரிமை கொடுத்தார்கள். கலப்புப் பிள்ளைகளை ஒதுக்கியே வைத்திருந்த நாடு அது. டிவி முன்னால் உட்கார்ந்து கணவர் கண் கலங்கியது நினைவிருக்கிறது. "நம்ம பிள்ளைக்கு நல்ல காலத்துல பொறக்கக் குடுத்துவெச்சிருக்கு" என்றார். கொச்சைத் தமிழை என்னிடமே கற்றுக்கொண்டவர்.

காலம் அவ்வளவு சீக்கிரம் மாறவில்லை. சனிக்கிழமை காலையில் கொரிய மொழிப் பள்ளி, ஞாயிற்றுக்கிழமை எடிசன் பக்கம் தமிழ்ப் பள்ளி என்று மகனைக் கூட்டிக்கொண்டு ஓடினோம். கொரியப் பள்ளியில் புத்தாண்டுக்கு ஹான்போக் என்ற பாரம்பரிய உடை உடுத்திப் படம் எடுத்தபோது இவனை வரிசையின் ஓரத்தில் நிற்கவைத்தார்கள். அடுத்த வருஷமும் ஓரத்தில்தான். தமிழ்ப் பள்ளியில் பிள்ளைகள் இவனைச் 'சைனீஸ்' என்றார்கள். மளிகைக் கடையில் அவன் சுத்தமான கொரியனில் விலை கேட்பான், கல்லாவில் இருக்கும் அம்மா ஆங்கிலத்தில் பதில் சொல்வார். ஒன்பது வயதில் ஒருநாள் காரில் வரும்போது, "அப்பான்னு ரெண்டு பாஷையிலயும் ஒரே மாதிரிதானே கூப்பிடுறேன், அது ஒண்ணுதான் எனக்கு ரெண்டு பக்கமும் சரியா வருது" என்றான். கணவர் வண்டியை ஓரங்கட்டிவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா இருந்தார்.

அப்படி யாரும் கொரியன் என்று எண்ணாத பிள்ளையைக் கொரியச் சட்டம் மட்டும் பிறந்த நிமிஷத்திலிருந்து கொரியனாக எண்ணிவந்திருக்கிறது. பிள்ளை பிறக்கும்போது அப்பாவோ அம்மாவோ கொரியக் குடிமகனாக இருந்தால் பிள்ளையும் கொரியக் குடிமகன்தான். எந்த நாட்டில் பிறந்தாலும் சரி, யாரும் எங்கேயும் பதிவு செய்யாவிட்டாலும் சரி. 1998 ஜூன் 14-க்கு முன்னால் பிறந்தவர்களுக்கு அப்பா வழி மட்டும், அதற்கப்புறம் இருவர் வழியும். பையனாக இருந்தால், பதினெட்டு வயது ஆகும் ஆண்டின் ஜனவரி 1-ஆம் தேதி ராணுவக் கடமைக்கான பட்டியலில் சேர்ந்துவிடுகிறான். அன்றிலிருந்து மூன்று மாதத்துக்குள், அதாவது மார்ச் 31-க்குள், குடியுரிமையை விடுவதாக மனுக் கொடுக்க வேண்டும். அதற்குப் பெயர்தான் 'குக்ஜோக் இதால்', பேச்சில் 'இதால்'. தவறவிட்டால் ராணுவ சேவை முடிக்கும்வரை, இல்லாவிட்டால் முப்பத்தேழு வயது கடக்கும்வரை, விட முடியாது.

நன்றாகக் கவனியுங்கள், கெடு பிறந்தநாளை வைத்து இல்லை, ஆண்டை வைத்து. நவம்பரில் பிறந்த என் மகனுக்குப் பதினெட்டு முடிய ஏழெட்டு மாதம் இருக்கும்போதே கெடு முடிந்துவிடும். 'பதினெட்டு ஆனதும் பார்த்துக்கொள்ளலாம்' என்று இருக்கும் வீடுகள் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

தவறவிட்டால் என்ன ஆகும் என்று முதல் வாரம் முழுக்க இரவில் தூங்காமல் படித்தேன். அமெரிக்காவிலேயே இருந்தால் யாரும் வந்து கூட்டிப்போகப் போவதில்லை. ஆனால் படிக்கவோ வேலை பார்க்கவோ அங்கே போய் நீண்ட காலம் தங்கினால் ராணுவ அழைப்பு வரலாம். தரைப்படை என்றால் பதினெட்டு மாதம். இங்கேயோ, அமெரிக்க ராணுவத்திலோ ரகசியத் தகவல் புழங்கும் அரசு வேலையிலோ சேரப் போனால் இன்னொரு நாட்டுக் குடியுரிமை இருக்கிறதா என்று கேட்பார்கள். இல்லை என்று எழுதினால் பொய்யாகிவிடும், பிள்ளைக்கே தெரியாத பொய். சட்டம் ஏன் இத்தனை கறாராக இருக்கிறது என்றும் படித்தேன். ராணுவத்துக்குப் போகாமல் தப்பிக்கப் பணக்காரர்களும் பிரபலங்களும் வெளிநாட்டுக் குடியுரிமையைப் பயன்படுத்துகிறார்கள் என்ற கோபம் அங்கே ரொம்ப ஆழமானது. 2002-இல் யூ சுங்-ஜுன் என்ற புகழ்பெற்ற பாடகர் சேவைக்குப் போக வேண்டிய நேரத்தில் அமெரிக்கக் குடிமகன் ஆனார். நாட்டுக்குள்ளேயே விடமாட்டோம் என்று தடுத்துவிட்டார்கள். மகனை அனுப்பிவிட்டு நாள் எண்ணிக்கொண்டிருக்கும் அந்த ஊர்த் தாய்மார்களின் கோபம் எனக்குப் புரிகிறது. அந்தச் சட்டம் எங்களைப் போன்ற வீடுகளையும் சேர்த்துப் பிடித்துவிட்டது, அவ்வளவுதான்.

செய்தி எனக்கு ஏன் அவ்வளவு தாமதமாக வந்தது என்று யோசித்திருக்கிறேன். இங்கே கொரியக் குடும்பங்களுக்குச் செய்தி பரவும் இடம் சர்ச். ஞாயிறு ஆராதனை முடிந்து ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும்போதுதான் எந்தப் படிவம், எந்தக் கெடு என்று பேச்சு வரும். எங்கள் வீடு சர்ச்சுக்குப் போகிற வீடு இல்லை. மாமியார் புத்தர் கோயிலுக்கு வருஷத்தில் ஒருமுறை போவார். கணவர் இருந்தவரை கொரியச் செய்தித்தாள் வீட்டுக்கு வந்தது, அவர் போனதும் நான்தான் நிறுத்தினேன். நீங்கள் எந்தச் சமூகத்துக்குள் கல்யாணம் ஆகிப் போயிருந்தாலும், அந்தச் சமூகத்தின் பேச்சு உங்கள் காதில் விழும்படி ஒரு வழியாவது வைத்துக்கொள்ளுங்கள். துணை இல்லாமல் போன பிறகு அந்த வழி தானாக அடைபட்டுவிடும்.

அடுத்து நான் செய்த தவறு, பயத்தில் பணத்தைக் கொடுத்தது. கொரிய ஆவணங்கள் தயாரித்துத் தருகிறேன் என்று ஒரு இடைத்தரகர். ஆலோசனைக் கட்டணம் 600 டாலர், திருப்பித் தர மாட்டார். கணவரின் அமெரிக்கக் குடியுரிமைச் சான்றிதழைப் பார்த்தார், "அப்பா அமெரிக்கர், உங்க பையனுக்கு இது தேவையே இல்லை" என்று சொல்லிவிட்டார். வீட்டுக்கு வந்து சாமி படத்துக்கு முன்னால் உட்கார்ந்து அழுதேன், அவ்வளவு நிம்மதி. மூன்று வாரம் அந்த நிம்மதியிலேயே போயிற்று. அப்புறம் ஏதோ உறுத்தி, ஒரு இலவச சட்ட உதவி முகாமில் வரிசையில் நின்று காகிதத்தைக் காட்டினேன். அந்த இளம் வழக்கறிஞர் சான்றிதழின் மேல் ஒரு விரலையும் மகனின் பிறப்புச் சான்றிதழின் மேல் இன்னொரு விரலையும் வைத்தார். ஒன்றில் 2009, மற்றதில் 2006. "பையன் பிறந்த அன்று அவர் கொரியக் குடிமகன்" என்றார். அவ்வளவுதான் விஷயம். பார்க்க வேண்டியது இந்த இரண்டு தேதிகளை மட்டுமே. பெற்றோர் அமெரிக்கக் குடியுரிமை வாங்கிய தேதிக்கு முன்னால் பிள்ளை பிறந்திருந்தால் பிள்ளை கொரியக் குடிமகன். இதைத் தெரிந்துகொள்ள 600 டாலர் வேண்டாம். வீட்டில் பீரோவைத் திறந்தால் போதும்.

அப்போது டிசம்பர் பாதி ஆகிவிட்டது. இன்னொரு கல் விழுந்தது அப்போதுதான். குடியுரிமையை விட வேண்டுமானால் முதலில் கொரியக் குடும்பப் பதிவேட்டில் பிள்ளையின் பெயர் இருக்க வேண்டும். என் மகன் பிறந்ததை அங்கே யாரும் பதியவில்லை. ஆக, முதலில் பிறப்பைப் பதிந்து, அந்தப் பதிவு ஏறும்வரை காத்திருந்து, சான்றிதழ் வாங்கி, அதோடு விடுவதற்கான மனுவைக் கொடுக்க வேண்டும். கணவர் 2009-இல் கொரியக் குடியுரிமை இழந்ததையும் யாரும் தெரிவித்திருக்கவில்லை, அதையும் தெரிவிக்க வேண்டும். பெற்றோரின் கல்யாணமும் பதிவாகியிருக்க வேண்டும். அந்த ஒன்றை மட்டும் மாமனார் 2003-இலேயே செய்துவைத்திருந்தார். மருமகள் பெயர் குடும்பப் பதிவேட்டில் இருக்கட்டும் என்று அப்போது அவர் சொன்னபோது, சம்பிரதாயத்துக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். அவர் அன்று செய்யாமல் விட்டிருந்தால் எனக்கு மார்ச் 31 கிடைத்திருக்காது.

இதற்கெல்லாம் குடும்பப் பதிவேட்டின் மூல முகவரி வேண்டும். பெரியவர்கள் 'போன்ஜோக்' என்பார்கள். நம் ஊரில் பூர்வீகம் எது என்று கேட்பது போல. எனக்குத் தெரியாது. மாமியாரிடம் கேட்க வேண்டும், கேட்டால் எதற்கு என்று சொல்ல வேண்டும். பேரன் கொரியக் குடியுரிமையை விடப்போகிறான் என்று அந்த மனுஷியிடம் எப்படிச் சொல்வது? புருஷனும் போய், ஒரே மகனும் போய், பேரன் முகத்தைப் பார்த்து உயிர் வாழ்கிறவர். கணவரின் பழைய பெட்டியைத் தலைகீழாகக் கொட்டித் தேடினேன், தெரிந்தவர்களிடம் கேட்டேன், பத்து நாள் வீணானது. கடைசியில் கிறிஸ்துமஸ் விடுமுறையில் ஒரு மாலை, பூண்டு உரித்துக்கொண்டிருந்தவர் முன்னால் உட்கார்ந்து, "ஓமோனிம், ஒரு விஷயம்" என்று ஆரம்பித்துவிட்டேன். முழுதும் கேட்டார். கையிலிருந்த பூண்டைக் கிண்ணத்தில் போட்டார். பிறகு கண்ணை மூடிக்கொண்டு தேகு முகவரியை, மாவட்டம், தெரு, இலக்கம் என்று ஒரு எழுத்து பிசகாமல் சொன்னார். நாற்பத்தொரு வருஷம் முன்னால் விட்டுவந்த முகவரி. பள்ளிக்கூடத்தில் செய்யுள் ஒப்பிப்பது போல மூன்று முறை சொன்னார், நான் எழுதி முடிக்கும்வரை. எழுந்து போய் பிஸ்கட் டின் ஒன்றைக் கொண்டுவந்தார். உள்ளே பழைய பதிவேட்டு நகல், கணவர் சின்ன வயதில் வந்தபோது வைத்திருந்த கொரியப் பாஸ்போர்ட், மாமனார் பட்டாளத்தில் இருந்ததற்கான சான்றிதழ் எல்லாம் இருந்தன. பத்து நாளாக நான் தேடியது அத்தனையும்.

பெரியவர்களிடம் மறைக்காதீர்கள் என்று இதை வைத்துத்தான் சொல்கிறேன். அவர்கள் மனம் நோகும் என்று நாமாக முடிவு செய்துகொள்கிறோம். முகவரி, பழைய நகல், யார் எப்போது எந்த நாட்டுக் குடியுரிமை வாங்கினார்கள் என்ற தேதிகள், இதெல்லாம் அவர்கள் தலைக்குள்தான் இருக்கிறது. அவர்கள் நல்ல நினைவோடு இருக்கும்போதே உட்காரவைத்துக் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

பிறப்புப் பதிவுப் படிவத்தில் தாயின் பெயரைக் கொரிய எழுத்தில் எழுத வேண்டும். என் பெயரில் ஒரு ழகரம் இருக்கிறது. ர, ல, ள, ழ நான்குக்கும் கொரியனில் ஒரே எழுத்துதான். மகன்தான் எழுதினான். எழுதிவிட்டு வாய்விட்டுப் படித்துப் பார்த்தான், "அம்மா, இது நீ இல்ல" என்றான். இன்னொரு விதமாக எழுதினான், அதுவும் நான் இல்லை. மூன்றாவது படிவத்தில் இருக்கட்டும் என்று விட்டோம். இங்கே ஒரு பணவிரயம்: பிறப்புச் சான்றிதழ் முதலியவற்றின் கொரிய மொழிபெயர்ப்புக்கு 480 டாலர் கொடுத்தேன். எங்கள் விஷயத்தில், மொழிபெயர்த்தவர் பெயரும் கையெழுத்தும் இருந்தால் போதும் என்று முகப்பில் இருந்த பெண் சொன்னார். மகனே அரை மணி நேரத்தில் செய்திருப்பான். முதலில் தூதரகத்தில் கேளுங்கள், அப்புறம் வெளியே பணம் கொடுங்கள்.

காகித வேலை இப்படி ஓடிக்கொண்டிருக்க, மகன் பேசாமல் இருக்க ஆரம்பித்தான். பதினைந்து வயது முடிந்த பிள்ளை தன் மனுவில் தானேதான் கையெழுத்துப் போட வேண்டும், நாம் போட முடியாது. ஜனவரி கடைசியில், பதிவு ஏறியதா என்று நான் நாள்தோறும் பார்த்துக்கொண்டிருந்த சமயம், ஒரு இரவு சமையலறை வாசலில் வந்து நின்றான். ஆங்கிலத்தில்தான் சொன்னான், நான் தமிழில் சொல்கிறேன்: "இத்தனை வருஷத்துல நான் கொரியன்னு யாரும் சொன்னதில்ல. இப்ப முதல்முறையா ஒரு காகிதம் சொல்லுது. அதையும் வேண்டாம்னு நானே எழுதிக் குடுக்கணுமா?" என்னிடம் பதில் இல்லை. இரண்டு மாதத்துக்கு மேலாகக் கெடு, படிவம், தேதி என்று பேசியிருக்கிறேனே தவிர, உனக்கு என்ன தோன்றுகிறது என்று ஒருமுறைகூட அவனைக் கேட்கவில்லை. இந்த முழு அலைச்சலில் எனக்கு இன்றும் ஆறாத இடம் அதுதான்.

அன்று இரவு என் பழைய இந்தியப் பாஸ்போர்ட்டை எடுத்துக் காட்டினேன். நான் அமெரிக்கக் குடியுரிமை வாங்கியதும் அதை ஒப்படைத்தேன், ரத்து முத்திரை குத்தித் திருப்பித் தந்தார்கள். இந்தியா இரட்டைக் குடியுரிமையை அனுமதிப்பதில்லை. அந்த முத்திரையைப் பார்த்த அன்று பார்க்கிங்கில் காருக்குள் அரை மணி நேரம் உட்கார்ந்திருந்ததைச் சொன்னேன். அப்புறமும் திருச்சிக்குப் போனால் உச்சிப்பிள்ளையார் கோயில் படி ஏறும்போது என்னை யாரும் கேள்வி கேட்டதில்லை என்பதையும் சொன்னேன். அவன் பாஸ்போர்ட்டை வெகுநேரம் புரட்டிக்கொண்டிருந்தான். "எனக்கு விட வேண்டாம்னா?" என்று கேட்டான். விட வேண்டாம் என்றால் என்ன ஆகும், விட்டால் என்ன ஆகும் என்று ஒரு தாளில் இரண்டு பக்கமும் எழுதினோம். அந்த உரிமை அவனுக்கு உண்டு. விடாமல், ராணுவத்துக்குப் போய்வந்த பிள்ளைகளும் இங்கே இருக்கிறார்கள். உங்கள் வீட்டிலும் இந்தப் பேச்சை முதலில் வையுங்கள், படிவத்தை அப்புறம் எடுங்கள். பிள்ளைக்குப் பதினைந்து வயதிலேயே ஆரம்பிக்கலாம். நான் அவனுக்குக் கொடுத்தது ஆறு வாரம்.

அந்தத் தாளை எழுதும்போதுதான் எங்களுக்குத் தெரியாத இன்னொன்று வெளியே வந்தது. வெளிநாட்டுக் குடியுரிமை உள்ள கொரிய வம்சாவளியினருக்கு எஃப்-4 என்ற விசா உண்டு, அங்கே நீண்ட காலம் தங்கவும் வேலை செய்யவும் அதுதான் சுலபமான வழி. ஆனால் 2018 மே 1-க்கு அப்புறம் ராணுவ சேவை முடிக்காமல் குடியுரிமையை விட்ட ஆண்களுக்கு நாற்பது வயது முடியும் ஆண்டுவரை அந்த விசா கிடையாது. கெடுவுக்குள் ஒழுங்காக விட்டவர்களுக்கும் அதே கதிதான். சுற்றுலாவாகப் போகலாம், மாணவர் விசாவில் படிக்கலாம், மற்ற வெளிநாட்டவர் போல வேலை விசா வாங்கலாம். ஒரு கொரியப் பேரனாகப் போய்த் தங்கும் கதவு மட்டும் அதுவரை சாத்தியிருக்கும். இதைச் சொல்லாமல் "சும்மா ஒரு கையெழுத்துதான்" என்று சொல்பவர்களை நம்பாதீர்கள். எதை விடுகிறோம் என்று தெரிந்து விடுவது வேறு.

மூன்று நாள் யோசித்துவிட்டு அவனே சொன்னான், விடுகிறேன் என்று. காரணம் கேட்கவில்லை. பாட்டியிடம் தனியாகப் போய் ஏதோ பேசிவிட்டு வந்தான் என்பது மட்டும் தெரியும்.

பிப்ரவரி நடுவில் பதிவு ஏறியது. மார்ச் முதல் வாரத்தில் அவனும் நானும் தூதரகத்துக்குப் போனோம். டோக்கன் எடுத்து இரண்டு மணி நேரம். ஒரு நகல் குறைகிறது என்று திருப்பி அனுப்பினார்கள், அது என் தவறு. அடுத்த வாரம் திரும்பப் போனோம். மார்ச் 14 அன்று மனுவை வாங்கிக்கொண்டு ரசீது கொடுத்தார்கள். மார்ச் கடைசியில் கூட்டம் நெரியும், அப்பாயின்ட்மென்ட் கிடைக்காது. முந்தின ஆண்டே முடித்துவிடுவது நல்லது. ஒருவேளை ஏற்கெனவே தவறவிட்டிருந்தால், முழுக்க நம்பிக்கை இழக்க வேண்டாம். 2020 செப்டம்பர் 24 அன்று கொரிய அரசியல் சாசன நீதிமன்றம் இந்தக் கெடு விதி விதிவிலக்கே இல்லாமல் இருப்பது சரியில்லை என்று தீர்ப்புச் சொன்னது. அதன்படி 2022 அக்டோபர் 1 முதல், வெளிநாட்டிலேயே பிறந்து அங்கேயே வாழ்ந்துவரும், தக்க காரணம் உள்ளவர்கள் கெடுவுக்குப் பிறகும் தனி அனுமதி கேட்கலாம். கேட்டால் கிடைக்கும் என்று உறுதி இல்லை, ஒவ்வொரு மனுவையும் தனியாக ஆராய்ந்து முடிவு செய்கிறார்கள். பெண் பிள்ளைகளுக்கு இந்த ராணுவக் கெடு இல்லை, அவர்களுக்கு விதிகள் வேறு.

2024 கோடையில் சியோலில் ஒரு மொழிப் பயிற்சிக்கு அவனுக்கு 1,500 டாலர் முன்பணம் கட்டியிருந்தேன். மனு நிலுவையில் இருக்கும்போது அங்கே போய்த் தங்கக் கூடாது என்றார் ஒருவர், தாராளமாகப் போகலாம் என்றார் இன்னொருவர். எழுத்தில் யாரும் தரவில்லை. பயந்து ரத்து செய்தேன், பணம் திரும்பவில்லை. தரகர், மொழிபெயர்ப்பு, இந்த முன்பணம், நகல்கள், தபால், பார்க்கிங் எல்லாம் சேர்த்து ஏறக்குறைய 2,900 டாலர், பதினொரு நாள் விடுப்பு. மனுவுக்கான கட்டணம் இதில் சொற்பம். முன்பே தெரிந்து நிதானமாகச் செய்திருந்தால் இந்தத் தொகையில் பத்தில் ஒரு பங்கு ஆகியிருக்காது.

மனு ஏற்கப்பட்டதாகக் கடிதம் வந்தது 2025 ஜூன் கடைசியில். மகன் ஒருமுறை படித்துவிட்டு, மடித்து, தாத்தாவின் பட்டாளச் சான்றிதழ் இருக்கும் அந்த பிஸ்கட் டின்னில் வைத்தான்.

அடுத்த மாதம் என் கணவரின் ஜேசா. நம் திதி மாதிரிதான், அவர்களும் சந்திரக் கணக்கில் பார்ப்பதால் ஒவ்வொரு வருஷமும் தேதி மாறும். இரவு சாப்பாட்டு மேஜையைச் சுவரோரம் நகர்த்தி, சிவப்புப் பழங்களைக் கிழக்கே, வெள்ளைப் பண்டங்களை மேற்கே என்று மாமியார் நாற்காலியில் உட்கார்ந்தபடி சொல்லச் சொல்ல மகன் அடுக்கினான். பீச் பழம் கூடாது, ஆவி அண்டாது என்பார்கள். மிளகாய்ப் பொடியும் பூண்டும் கூடாது. கணவருக்குப் பிடிக்கும் என்று நான் உளுந்து வடை சுட்டிருந்தேன். ஓரத்தில் வைக்கவா என்று கேட்டேன், மாமியார் மீன் தட்டை ஒரு சாண் தள்ளிவைத்துவிட்டு நடுவில் இடம் காட்டினார். இறந்தவர் பெயரில் ஒரு நீள வெள்ளைத் தாளில் எட்டு எழுத்து எழுதிவைக்க வேண்டும். அரசுப் பதவி வகிக்காதவரை அதில் 'மாணவர்' என்றுதான் குறிப்பார்கள். முன்பெல்லாம் மாமியார் யாரிடமாவது எழுதி வாங்குவார். இந்த முறை மகன் எழுதினான். ஆறாவது எழுத்தில் மை இழுவிவிட்டது. கிழித்துப்போட்டு வேறு தாள் எடுத்தான்.

வாசல் கதவைக் கொஞ்சம் திறந்துவைத்தோம். சோற்றுக் கிண்ணத்தில் கரண்டியைச் செங்குத்தாக நட்டுவிட்டு, மகன் நெற்றி தரையில் பட இரண்டு முறை விழுந்து வணங்கினான். முடிந்ததும் அந்தத் தாளைத் தோட்டத்துக்குக் கொண்டுபோய் எரித்தான். சாம்பல் அடங்கும்வரை அங்கேயே நின்றுவிட்டு உள்ளே வந்து கை கழுவினான். மாமியார் வடையை ஆளுக்கு இரண்டு வைத்துவிட்டு, மூன்றாவதை அவன் தட்டில் போட்டார்.